பிட்ஸ்பர்க் எஃகு ஆலைக்கு ஓர் அட்மிரல் தலைவரான கதை

கேள்வி இதுதான்: "அமெரிக்கக் கடற்படையில் நான்கு நட்சத்திர அட்மிரலாக இருந்த பென் மொரெல், ஓய்வுபெற்ற சில மாதங்களிலேயே ஜோன்ஸ் அண்ட் லாக்லின் எஃகு நிறுவனத்துக்குத் தலைவராகிவிட்டார். கப்பல் ஓட்டியவருக்கு எஃகு ஆலையில் என்ன வேலை? பதவிச் செல்வாக்கில் கிடைத்த நாற்காலியா, இல்லை உண்மையிலேயே தகுதி இருந்ததா?"

முதலில் ஒன்றைச் சரிசெய்துவிடலாம். மொரெல் வாழ்நாளில் ஒரு போர்க்கப்பலுக்குக்கூடத் தலைமை வகித்ததில்லை. அனாபொலிஸ் கடற்படைக் கழகத்தின் படியேறியவரும் இல்லை. 1892இல் சால்ட் லேக் சிட்டியில் பிறந்து, செயின்ட் லூயிஸில் வளர்ந்து, அங்கிருக்கும் வாஷிங்டன் பல்கலைக்கழகத்தில் 1913இல் சிவில் இன்ஜினியரிங் முடித்தவர். அதே ஊர் நகராட்சியில் பொறியாளராக வேலை பார்த்துக்கொண்டிருந்தார். 1917இல் அமெரிக்கா முதல் உலகப் போரில் இறங்கியதும் கடற்படையின் சிவில் இன்ஜினியர் பிரிவில் சேர்ந்தார்.

அந்தப் பிரிவைப் பற்றிக் கொஞ்சம் தெரிந்துகொண்டால்தான் மற்றது புரியும். கடற்படை அதிகாரிகளில் இரண்டு வரிசை உண்டு. கப்பலை ஓட்டிச் சண்டை போடுகிறவர்கள் ஒரு வரிசை. டாக்டர், கணக்கு வழக்கு பார்ப்பவர், பாதிரியார், கட்டடப் பொறியாளர் எல்லாரும் இன்னொரு வரிசை. கட்டளையிடும் உரிமை முதல் வரிசைக்குத்தான். இரண்டாம் வரிசைக்காரர் எவ்வளவு உயர்ந்தாலும் "நிபுணர்", அவ்வளவுதான். அந்த இரண்டாம் வரிசையிலிருந்து முழு அட்மிரல், அதாவது நான்கு நட்சத்திரப் பதவியைத் தொட்ட முதல் ஆள் மொரெல். 1946 ஜூனில் அது நடந்தது.

செல்வாக்கு இருந்ததா என்றால், இருந்தது, மறைப்பதற்கில்லை. முதல் உலகப் போரின்போது அவரை அட்லாண்டிக் நடுவே இருக்கும் அசோர்ஸ் தீவுகளுக்கு அனுப்பினார்கள். அப்போது கடற்படைத் துறையின் உதவிச் செயலாளராக இருந்த பிராங்க்ளின் ரூஸ்வெல்ட்டின் கண்ணில் பட்டார். இருபது வருஷம் கழித்து, 1937 டிசம்பரில், ஜனாதிபதி ரூஸ்வெல்ட் அவரைக் கடற்படையின் யார்ட்ஸ் அண்ட் டாக்ஸ் துறைக்குத் தலைவராக்கினார். கடற்படைக்குச் சொந்தமான கரைப்பகுதிக் கட்டுமானம் மொத்தமும் இந்தத் துறையின் பொறுப்பு. அப்போது மொரெல் வெறும் கமாண்டர். நடுவில் இருக்கிற கேப்டன் படியை மிதிக்காமலே ரியர் அட்மிரல் ஆனார். இப்படி ஒரு தாவல் நடந்தால் மற்ற அதிகாரிகள் என்ன பேசியிருப்பார்கள் என்று அரசு அலுவலகத்தில் ஒரு வருஷம் வேலை பார்த்த யாரும் ஊகித்துவிடலாம்.

ஆனால் ரூஸ்வெல்ட் பார்த்து எடுத்த ஆள் கான்கிரீட் தெரிந்த ஆள். ஹெய்ட்டியில் பொதுப்பணிகளில் இருந்திருக்கிறார். கடற்படைக்கான கான்கிரீட் வடிவமைப்பு விதிகளை 1920களின் கடைசியில் எழுதிக் கொடுத்திருக்கிறார். 1930களின் தொடக்கத்தில் பாரிஸில் உள்ள புகழ்பெற்ற பாலம்-சாலைப் பொறியியல் பள்ளிக்குக் கடற்படையே அவரை அனுப்பியது. திரும்பி வந்ததும் மேரிலாந்தின் கார்டராக்கில் கப்பல் மாதிரிகளைச் சோதிக்கும் பெரிய நீர்த்தொட்டியின் வடிவமைப்பை மேற்பார்த்தார். துறைத் தலைவராவதற்குச் சற்று முன் பேர்ல் ஹார்பரில் பொதுப்பணி அதிகாரி.

பேர்ல் ஹார்பர் என்றதும் உலர்துறையைச் சொல்லாமல் போக முடியாது. கப்பலை உள்ளே விட்டு, கதவை மூடி, தண்ணீரை இறைத்து, கப்பலின் அடிப்பாகத்தைப் பழுது பார்க்கும் பிரம்மாண்டமான கான்கிரீட் தொட்டிதான் உலர்துறை. பேர்ல் ஹார்பரின் முதல் உலர்துறையைக் கட்டி முடிக்கப் பத்து வருஷம் ஆனது. 1909இல் தொடங்கினார்கள். 1913இல் தண்ணீரை இறைத்தபோது அடியிலிருந்து வந்த நீரழுத்தம் தரையைத் தூக்கி, செய்த வேலை முழுவதையும் நொறுக்கிவிட்டது. 1919இல்தான் திறந்தார்கள். இதை அறிந்தவர்கள் அங்கே இன்னொரு துறை கட்டவே யோசிப்பார்கள். மொரெல் இன்னும் இரண்டு பெரிய துறைகள் வேண்டும் என்று நின்றார். இரண்டாம் துறையில் தண்ணீரை முன்கூட்டி இறைக்கவே இல்லை. தண்ணீருக்குள்ளேயே குழாய் வழியாகக் கான்கிரீட்டை இறக்கினார்கள். குழாயின் கீழ்முனை ஏற்கெனவே கொட்டிய கான்கிரீட்டுக்குள் புதைந்தே இருக்கும். அதனால் புதிதாக வருவது தண்ணீரோடு கலந்து கரைந்துபோகாமல் உள்ளிருந்தே பரவும். தரை கனமாகி இறுகிய பிறகு இறைத்தால் கீழிருந்து வரும் அழுத்தம் எதுவும் செய்யாது. 1941 டிசம்பர் 7 அன்று ஜப்பான் குண்டு போட்டபோது அந்தத் துறை முடியும் தறுவாயில் இருந்தது. டிசம்பர் 10 அன்று அடிபட்ட ஹெலினா என்ற குரூசர் வகைப் போர்க்கப்பலை அதில் ஏற்றிவிட்டார்கள்.

இந்தக் காலத்தில் அவர் கற்ற வித்தை இன்னொன்று உண்டு. தொழில்துறை அவரைத் தேடி வந்ததற்கு அதுவே பெரிய காரணம் என்பது என் கணிப்பு. பசிபிக்கில் மிட்வே, வேக் போன்ற தீவுகளில் விமானத் தளம் கட்ட வேண்டும். மண் எப்படி இருக்கும், கப்பல் எப்போது வரும், கூலி எவ்வளவு ஆகும், எதுவும் முன்கூட்டித் தெரியாது. இப்படிப்பட்ட வேலைக்கு டெண்டர் விட்டுக் குறைந்த விலைக்காரரைத் தேடினால், காண்டிராக்டர் இரண்டு மடங்கு விலை போடுவார், அல்லது பாதியில் விட்டுவிட்டு ஓடுவார். 1939இல் அமெரிக்க நாடாளுமன்றமான காங்கிரஸ் புதிய வகை ஒப்பந்தத்துக்கு அனுமதி கொடுத்தது. ஆன செலவை அரசு அப்படியே தரும். அதற்கு மேல் காண்டிராக்டருக்கு முன்பே பேசி முடித்த நிலையான கட்டணம் ஒன்று. செலவை ஏற்றினால் கட்டணம் ஏறாது, அதனால் ஏற்றுவதற்கு ஆசையும் இல்லை. பெரிய கட்டுமான நிறுவனங்கள் கூட்டாகச் சேர்ந்து பசிபிக் தளங்களை எடுத்துக்கொண்டன. அவர்களோடு உட்கார்ந்து செலவுக் கணக்கைப் பார்ப்பது, காலக்கெடுவுக்கு மல்லுக்கட்டுவது, அவர்களுடைய தொழிற்சங்கங்களோடு பேசுவது, இதுதான் மொரெலின் அன்றாட வேலை. சீருடையைக் கழற்றிவிட்டுப் பார்த்தால் ஒரு பெரிய கம்பெனியின் நிர்வாக இயக்குநர் செய்கிற வேலை.

வேக் தீவு இந்தக் கதையைத் திருப்பியது. போர் தொடங்கியபோது அங்கே சுமார் 1,100 கட்டுமானத் தொழிலாளிகள் இருந்தார்கள். சிவிலியன்கள். துப்பாக்கி எடுத்தால் சர்வதேசச் சட்டப்படி அவர்கள் போர்வீரர்கள் ஆக மாட்டார்கள். பிடிபட்டால் கொரில்லா என்று சுட்டுக் கொல்லலாம். சிலர் மரைன் வீரர்களோடு சேர்ந்து சண்டையும் போட்டார்கள். டிசம்பர் 23 அன்று தீவு விழுந்தது. வேலைக்காகத் தீவிலேயே நிறுத்திவைக்கப்பட்ட 98 பேரை 1943 அக்டோபரில் ஜப்பானியப் படை கொன்றது. இனி போர்முனையில் கட்ட வேண்டுமானால் கட்டுகிறவனுக்குச் சீருடையும் துப்பாக்கியும் வேண்டும் என்பது வேக் விழுந்த உடனேயே தெளிவாகிவிட்டது. டிசம்பர் 28 அன்று மொரெல் கட்டுமானப் படைக்கு அனுமதி கேட்டார். 1942 ஜனவரி 5 அன்று கிடைத்தது. எட்டு நாள்.

இப்படிப் பிறந்ததுதான் சீபீ படை. அமெரிக்கக் கடற்படையில் இன்றும் இருக்கிறது. ராணுவ வரலாறு எழுதுகிறவர்கள் சீபீக்களின் வீரத்தைப் பற்றி நிறைய எழுதியிருக்கிறார்கள், அது நியாயம்தான். எனக்குச் சுவையாகப் படுவது ஆள் எடுத்த விதம். வழக்கமாகப் படைக்கு ஆள் எடுப்பவர்கள் பதினெட்டு, இருபது வயதுப் பையன்களைத் தேடுவார்கள். மொரெலுக்கு வேண்டியது வெல்டர், பிளம்பர், எலெக்ட்ரீஷியன், கிரேன் ஓட்டுபவர், பாறைக்கு வெடி வைப்பவர், தச்சர், டைவர். அறுபதுக்கும் மேற்பட்ட தொழில்கள். அணை கட்டியவர்களும் வானுயரக் கட்டடங்களில் இரும்பு கோத்தவர்களும் வந்தார்கள். தொடக்க காலத்தில் சராசரி வயது 37. வழக்கமான முகாமில் அந்த வயதுக்காரரை "தாத்தா" என்றுதான் கூப்பிடுவார்கள். கட்டுமானத் தொழிற்சங்கங்களோடு மொரெலுக்கு இருந்த உறவு இங்கே கைகொடுத்தது. சங்கங்களே ஆட்களை அனுப்பிவைத்தன. முப்பது வருஷம் வேலை பார்த்த மேஸ்திரியைக் கடைநிலை மாலுமியாகச் சேர்த்தால் அவர் வர மாட்டார். அனுபவத்தைப் பார்த்துப் பதவி, அதற்கேற்ற சம்பளம் என்று ஏற்பாடு செய்தார். போர் முடிவதற்குள் மொத்தம் 3,25,000 பேர், 400க்கும் மேற்பட்ட இடங்கள்.

ஆனால் இந்தப் படைக்கு யார் கட்டளையிடுவது? முன்பு சொன்ன இரண்டு வரிசை இங்கே குறுக்கே வந்தது. விதிப்படி கப்பலோட்டும் வரிசை அதிகாரிதான் தலைமை தாங்கலாம். கான்கிரீட் கலவை தெரியாதவர் கட்டுமானப் படையை நடத்துவதா என்று மொரெல் நேராகக் கடற்படைச் செயலாளர் பிராங்க் நாக்ஸிடம் போனார். கடற்படையின் பணியாளர் பிரிவு கடுமையாக எதிர்த்தது. 1942 மார்ச் 19 அன்று நாக்ஸ் சிவில் இன்ஜினியர் அதிகாரிகளுக்கே அந்த அதிகாரத்தைக் கொடுத்தார். காகிதத்தில் ஒரு சின்ன உத்தரவு. நூறு வருஷத்துக்கு மேல் காத்துவந்த மரபை உடைத்த உத்தரவு. நிறுவனத்துக்குள் காய் நகர்த்தத் தெரிந்தவர் என்பதற்கு இதைவிட நல்ல சான்று வேண்டாம்.

அவர் துறையில் மற்றவர்களின் மூளையும் நன்றாக வேலை செய்தது. கேப்டன் ஜான் லேகாக் எஃகுப் பெட்டிகளை ஒன்றோடொன்று கோத்து மிதவை, தோணி, துறைமேடை எதுவேண்டுமானாலும் ஆக்கிக்கொள்ளும் முறையை உருவாக்கினார். துறைமுகம் இல்லாத கரையில் டாங்கியை இறக்க இதுதான் வழி ஆனது. பசிபிக்கின் குவாடல்கனால் தீவில் 1942 செப்டம்பர் தொடக்கத்தில் இறங்கிய ஆறாம் பட்டாலியன், ஜப்பானிய குண்டு விழ விழ ஓடுபாதையின் பள்ளங்களை மூடிக்கொண்டே இருந்தது. இதையெல்லாம் விரித்தால் பதில் புத்தகமாகிவிடும். தொழில்துறைக்கு வருகிறேன்.

போர் முடிந்ததும் அமெரிக்காவில் வேலைநிறுத்த அலை எழுந்தது. நாலு வருஷம் கூலியை இறுக்கிப் பிடித்திருந்தார்கள், விலைவாசி ஏறிவிட்டது, ஓவர்டைம் நின்றுவிட்டது. 1945 அக்டோபரில் எண்ணெய் சுத்திகரிப்பு ஆலைகளில் வேலைநிறுத்தம். ஜனாதிபதி ட்ரூமன் அந்த ஆலைகளை அரசு கைப்பற்றும்படி உத்தரவிட்டு, நடத்தும் பொறுப்பைக் கடற்படையிடம் கொடுத்தார். கடற்படை மொரெலை அனுப்பியது. அடுத்த மே மாதம் இன்னும் பெரிய வேலை வந்தது. ஜான் எல். லூயிஸ் தலைமையிலான நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளர்கள், ஏறக்குறைய 4 லட்சம் பேர், ஏப்ரல் முதல் தேதியிலிருந்து வேலைக்குப் போகவில்லை. ரயிலும் மின்சாரமும் எஃகும் நிலக்கரியில் ஓடிய காலம் அது. 1946 மே 21 அன்று ட்ரூமன் சுரங்கங்களைக் கைப்பற்ற உத்தரவிட்டார். உள்துறைச் செயலாளர் ஜூலியஸ் க்ரூக் பொறுப்பு. அவருக்குக் கீழே நிலக்கரிச் சுரங்க நிர்வாகி: பென் மொரெல்.

கைப்பற்றுவது என்றால் சிப்பாய்கள் வந்து முதலாளியை வெளியே தள்ளுவது என்று நினைக்க வேண்டாம். சுரங்க வாசலில் அமெரிக்கக் கொடி ஏறும், அறிவிப்பு ஒட்டப்படும். பழைய மேனேஜர் அதே மேசையில் உட்கார்ந்து அரசின் சார்பில் வேலை பார்ப்பார். ஆனால் ஒன்று மாறிவிடும்: தொழிற்சங்கத்தோடு ஒப்பந்தம் போடும் உரிமை இப்போது அரசுக்கு. மே 29 அன்று க்ரூக்கும் லூயிஸும் கையெழுத்திட்ட ஒப்பந்தத்தில் மணிக்கு 18.5 சென்ட் கூலி உயர்வு இருந்தது. முதலாளிகள் அதைக்கூடப் பொறுத்துக்கொண்டிருப்பார்கள். வெட்டும் ஒவ்வொரு டன் நிலக்கரிக்கும் 5 சென்ட் எடுத்துத் தொழிலாளர் நலநிதியில் போட வேண்டும் என்ற பிரிவு அவர்கள் தொண்டையில் முள்ளாகச் சிக்கியது. இத்தனை நாள் அவர்கள் மறுத்துவந்ததை அரசு அவர்கள் பெயரில் ஒப்புக்கொண்டுவிட்டது.

அதே ஒப்பந்தத்தின்படி சுரங்கப் பகுதிகளின் மருத்துவ வசதி, வீடு, குடிநீர், கழிப்பிடம் எப்படி இருக்கின்றன என்று ஆராய வேண்டும். அதையும் கடற்படை டாக்டர்களே செய்தார்கள், ரியர் அட்மிரல் ஜோயல் பூன் தலைமையில். கூடவே போன ரஸ்ஸல் லீ எடுத்த புகைப்படங்களை இன்று பார்த்தாலும் மனம் கனக்கும்: கம்பெனி வீடுகள், வாளியில் தண்ணீர் சுமக்கும் பெண்கள், கரி அப்பிய முகங்கள். தொழிலாளர் நலன் பற்றி அமெரிக்க அரசு வெளியிட்ட முக்கியமான ஆவணங்களில் ஒன்று அந்த அறிக்கை. 1947இல் அது வெளிவந்தபோது மொரெல் அந்தப் பொறுப்பில் இல்லை. அந்த ஆண்டு மார்ச்சில் இல்லினாயின் சென்ட்ரேலியா சுரங்கம் வெடித்து 111 பேர் இறந்தபோதும், சுரங்கங்கள் இன்னும் அரசின் கையில்தான் இருந்தன. ஆனால் அவர் போய்விட்டிருந்தார்.

எங்கே போனார்? 1946 இலையுதிர்காலத்தில் ஓய்வு. முதலில் நியூயார்க்கின் டர்னர் கன்ஸ்ட்ரக்‌ஷன் கம்பெனிக்குத் தலைவர். 1902இல் தொடங்கி, கான்கிரீட் கட்டடங்களில் பெயர் எடுத்த நிறுவனம். அவருக்குப் பொருத்தமான இடம், அங்கேயே இருந்திருந்தால் யாரும் கேள்வி கேட்டிருக்க மாட்டார்கள். சில மாதம்தான். 1947 மார்ச்சில் பிட்ஸ்பர்க்கின் ஜோன்ஸ் அண்ட் லாக்லின் எஃகு நிறுவனம் அவரைத் தலைவராக அழைத்துக்கொண்டது.

ஜே அண்ட் எல் என்று ஊர்க்காரர்கள் சொல்லும் இந்த நிறுவனம் அமெரிக்க எஃகு உற்பத்தியில் நாலாவது இடத்தில் இருந்தது. மொனாங்கஹேலா ஆற்றின் இரு கரையிலும் உலைகள், ஓஹையோ ஆற்றங்கரையில் அலிக்விப்பா என்ற கம்பெனி ஊர், சொந்தமாக நிலக்கரிச் சுரங்கங்கள். தொழிற்சங்கத்தோடு அதற்கு இருந்த உறவுக்குச் சட்டப் புத்தகத்திலேயே இடம் உண்டு. அலிக்விப்பாவில் சங்கத்தில் சேர்ந்த பத்துப் பேரை வேலையைவிட்டு நீக்கினார்கள். அந்த வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போனது. 1937 ஏப்ரல் 12 அன்று 5-4 என்ற கணக்கில் நிறுவனம் தோற்றது. சங்கம் சேரும் உரிமையைக் காக்கும் மத்தியச் சட்டம் செல்லும் என்று நிலைநாட்டிய தீர்ப்பு அது. அமெரிக்கச் சட்ட மாணவர்கள் இன்றும் படிக்கிறார்கள்.

அப்படிப்பட்ட கம்பெனிக்கு 1947இல் என்ன தேவைப்பட்டது என்று யோசித்துப் பாருங்கள். போர்க்காலத்தில் விடாமல் ஓடித் தேய்ந்த உலைகளை மாற்ற வேண்டும். அது கட்டுமான வேலை. சங்கத்தோடு முறைத்துக்கொண்டே காலம் தள்ள முடியாது. பேசத் தெரிந்தவர் வேண்டும். வாஷிங்டனில் எந்த அறைக்குள் எந்த முடிவு எடுக்கப்படும் என்று தெரிந்தவராக இருந்தால் இன்னும் நல்லது. எஃகு உருக்கும் நுட்பம் தெரிந்தவர்கள் உள்ளேயே நூற்றுக்கணக்கில் இருந்தார்கள், அதற்கு வெளி ஆள் தேவையில்லை. ஆகவே செல்வாக்கா தகுதியா என்று பிரித்துக் கேட்டால் எனக்குப் பதில் சொல்லத் தெரியாது. வாஷிங்டனில் அவருக்கு இருந்த அறிமுகம், அவர் செய்த வேலையில் வந்தது. நட்சத்திரத்தைப் பார்த்து மட்டும் அழைப்பதாக இருந்தால் போரில் கப்பற்படைகளை நடத்திய இன்னும் பெரிய பெயர்கள் அன்று ஓய்வில் சும்மா இருந்தன.

இதற்குப் பின் நடந்ததுதான் அவர் வாழ்க்கையிலேயே விசித்திரமான திருப்பம். 1952இல் கொரியப் போர் நடந்துகொண்டிருக்கிறது. பிலிப் மரே தலைமையிலான எஃகுத் தொழிலாளர் சங்கம் கூலி உயர்வு கேட்கிறது. அரசின் கூலிக் கட்டுப்பாட்டு வாரியம் ஒரு தொகையைப் பரிந்துரைக்கிறது. அவ்வளவு கொடுத்தால் எஃகு விலையை ஏற்ற விடுங்கள் என்கின்றன நிறுவனங்கள். விலையை ஏற்ற முடியாது என்கிறார் ட்ரூமன். வேலைநிறுத்தம் தொடங்க சில மணி நேரம் இருக்கையில், ஏப்ரல் 8 இரவு, ட்ரூமன் எஃகு ஆலைகளைக் கைப்பற்றினார். வர்த்தகச் செயலாளர் சார்ல்ஸ் சாயர், அந்தந்த நிறுவனத் தலைவர்களையே அரசின் சார்பில் ஆலையை நடத்தும்படி பணித்தார். கைப்பற்றப்பட்ட நிறுவனங்களில் ஜே அண்ட் எல்லும் ஒன்று.

ஆறு வருஷத்துக்கு முன் இதே ட்ரூமனுக்காகச் சுரங்கங்களின் வாசலில் கொடி ஏற்றியவரின் வாசலில் இப்போது அதே கொடி. அன்று முதலாளிகளின் முணுமுணுப்பைக் கேட்டுக்கொண்டு மேசைக்கு அந்தப் பக்கம் இருந்தவர், இப்போது இந்தப் பக்கம். அவருடைய நிறுவனமும் மற்ற எஃகு நிறுவனங்களோடு சேர்ந்து நீதிமன்றம் போனது. யங்ஸ்டவுன் வழக்கு என்று பெயர் பெற்ற அதில் ஜூன் 2 அன்று உச்ச நீதிமன்றம் 6-3 என்று தீர்ப்பளித்தது: காங்கிரஸின் சட்டம் இல்லாமல் ஜனாதிபதி தனியார் ஆலையைக் கைப்பற்ற முடியாது. தீர்ப்பு வந்ததும் தொழிலாளர்கள் வெளியே போனார்கள். 53 நாள் வேலைநிறுத்தம். ஜூலை 24 அன்று சமரசம்.

இதை இரட்டை வேடம் என்று சொல்லும் ஆட்கள் உண்டு. நான் சொல்ல மாட்டேன். 1946இல் நிலக்கரிச் சுரங்கங்களைக் கைப்பற்றியதற்குச் சட்டம் இருந்தது. போர்க்காலத் தொழிலாளர் தகராறுகளுக்காக 1943இல் காங்கிரஸே போட்ட சட்டம். போர் முடிந்து அது காலாவதியானது. 1947இல் புதிய தொழிலாளர் சட்டம் போட்டபோது, கைப்பற்றும் அதிகாரத்தைச் சேர்க்கலாமா என்று காங்கிரஸ் யோசித்து வேண்டாம் என்று விட்டது. 1952இல் ட்ரூமன் கையில் அந்தக் காகிதம் இல்லை. சட்டத்தின் கண்ணில் இரண்டும் வேறு வேறு. ஆனால் மொரெலின் மனத்தில் எழுந்த மாற்றம் சட்ட நுணுக்கத்தோடு நிற்கவில்லை என்பதும் உண்மை.

அரசு பொருளாதாரத்தில் கைவைப்பதையே எதிர்க்கும் குரலாக அவர் மாறினார். முன்னாள் ஜனாதிபதி ஹூவர் தலைமையில் 1953 முதல் 1955 வரை இயங்கிய இரண்டாம் அரசு நிர்வாக ஆய்வுக் குழுவில், நீர்வளம் மற்றும் மின்சாரத்துக்கான பணிக்குழுவுக்கு மொரெல் தலைவர். மத்திய அரசின் மானியத்தில் அணையும் மின்சாரமும் போடுவதை அந்தக் குழு கடுமையாக விமர்சித்தது. பயன்படுத்துகிறவர் செலவைக் கொடுக்கட்டும் என்பது அதன் போக்கு. 1958இல் ஜே அண்ட் எல்லிலிருந்து ஓய்வுபெற்றதும், அமெரிக்கன்ஸ் ஃபார் கான்ஸ்டிட்யூஷனல் ஆக்‌ஷன் என்ற வலதுசாரி அமைப்பைத் தொடங்குவதில் முன்நின்று அதன் தலைவரானார். காங்கிரஸ் உறுப்பினர் ஒவ்வொருவரும் எந்த மசோதாவுக்கு எப்படி ஓட்டுப் போட்டார் என்று பார்த்து மதிப்பெண் போட்டுப் பட்டியல் வெளியிடும் அமைப்பு. இடதுபக்கம் சாய்ந்தவர்கள் 1947 முதலே அப்படியொரு பட்டியல் அமைப்பை வைத்திருந்தார்கள். இது அதற்கு எதிர்ப்பாட்டு.

அவர் கட்டியதெல்லாம் வரிப்பணத்தில் கட்டியது. உலர்துறை, ஓடுபாதை, தீவுத் தளங்கள், ஒன்றுக்குக்கூடச் சந்தை பணம் போடவில்லை. ரூஸ்வெல்ட் கொடுத்த தாவல் இல்லாவிட்டால் அவர் கேப்டனாக ஓய்வுபெற்றிருப்பார். அப்படிப்பட்டவர் ரூஸ்வெல்ட் எழுப்பிய பெரிய அரசு இயந்திரத்தையே பிரிக்க நினைத்தது பலருக்குப் புதிராகப் படுகிறது. நான் இதைப் படித்துக்கொள்ளும் விதம் வேறு. அவர் அரசின் உள்ளே இருந்த காலமெல்லாம் நெருக்கடிக் காலம். செலவுக் கணக்கைவிட நாள் கணக்கு முக்கியமாக இருந்தது. அந்த அதிகாரம் எவ்வளவு பெரியது என்று கையில் பிடித்துப் பார்த்தவர் அவர். போரில் தான் செய்ததை அமைதிக்காலத்தில் இன்னொருவர் செய்யக்கூடாது என்று அவர் நினைத்திருந்தால் அதில் ஒரு தர்க்கம் இருக்கிறது. அந்தத் தர்க்கத்தோடு எனக்கு முழு உடன்பாடு இல்லை. நிலக்கரித் தொழிலாளிக்கு நலநிதி கிடைத்ததே அரசு உள்ளே நுழைந்ததால்தான், அந்த நேரத்தில் நுழைந்த அரசின் கை மொரெலுடையது.

கடைசியாக, கேள்வியின் வால்: எஃகு நிர்வாகியாக அவர் எப்படி? 1947 முதல் 1958 வரை, பதினோரு ஆண்டு. அமெரிக்க எஃகுக்குப் போட்டியே இல்லாத காலம். ஜப்பானும் ஜெர்மனியும் இடிபாடுகளில் இருந்தன. விற்பனை தானாக நடந்தது. சோதனை, அந்த நல்ல காலத்தில் எந்த உலையில் பணத்தைப் போட்டார்கள் என்பதில். மற்ற அமெரிக்க நிறுவனங்களைப் போலவே ஜே அண்ட் எல்லும் போருக்குப் பின் பழைய ஓப்பன் ஹார்த் முறையில் (அகன்ற உலையில் மேலே தீச்சுவாலையைப் பாய்ச்சி எஃகு காய்ச்சும் முறை) புதிய உலைக்கூடத்தைப் பிட்ஸ்பர்க்கில் கட்டியது. ஆஸ்திரியாவின் லின்ட்ஸில் 1952இல் வேறொரு முறை வேலைக்கு வந்தது. உருகிய இரும்பின் மேல் தூய ஆக்சிஜனை ஊதும் உலை அது. ஓப்பன் ஹார்த்தில் எட்டு மணி நேரம் பிடித்த வேலையை முக்கால் மணி நேரத்தில் முடித்துவிடும். அமெரிக்காவில் 1954இல் மெக்லௌத் என்ற சின்ன நிறுவனம்தான் முதலில் அதை எடுத்தது. பெரிய நிறுவனங்களில் முதலில் எடுத்தது ஜே அண்ட் எல், 1957இல், அலிக்விப்பாவில். யு.எஸ். ஸ்டீலும் பெத்லஹேமும் 1960களில்தான் அந்தப் பக்கம் திரும்பின.

அவர் போன பிறகு நிறுவனத்தின் கதை நல்லபடியாக முடியவில்லை. 1968இல் டெக்ஸாஸின் எல்.டி.வி. குழுமம் அதன் பெரும்பங்கை வாங்கியது. 1984இல் ரிபப்ளிக் ஸ்டீலோடு இணைந்து எல்.டி.வி. ஸ்டீல் ஆனது. 1986இல் திவால். மொரெல் அதற்கு எட்டு வருஷம் முன்பே, 1978 ஜூலை 30 அன்று, காலமாகியிருந்தார். 1958இல் நாற்காலியை விட்டவர் தலையில் அந்தத் திவாலைக் கட்ட முடியாது. அலிக்விப்பா உலைக்கு அவருக்கு மதிப்பெண் கொடுப்பேன். பிட்ஸ்பர்க்கில் கட்டிய ஓப்பன் ஹார்த் கூடத்துக்காக அதில் கொஞ்சம் கழித்துக்கொள்வேன்.